ஆட்சேபணையில் முதல் கையெழுத்து

கார்த்திகை 19, வெள்ளிக்கிழமை

அன்பு மகள் ரஞ்சனிக்கு அம்மா எழுதுவது. இங்கே நானும் அப்பாவும் சுகமாக இருக்கிறோம், இத்தனை மழைக்கும் இரண்டு பேருக்கும் ஒரு தும்மல்கூட வரவில்லை, நீயும் அந்த அயர்லாந்துக் குளிரில் காதை மூடிக்கொண்டு வேளாவேளைக்குச் சாப்பிட்டு நன்றாக இருக்கவேண்டும் என்று அம்மனைக் கும்பிட்டுக்கொண்டு எழுதுகிறேன். மேலே ஓரத்தில் அடித்துக் கிடப்பதைப் பார்த்து என்னமோ ஏதோ என்று நினைக்காதே. பேனாவைப் பிடித்ததும் கை தானாகவே அனுப்புநர், பெறுநர், பொருள் என்று எழுதிவிட்டது, நாலு மாதமாக மனு எழுதியே பழகிப்போன கை, பெற்ற மகளுக்கு எழுதுகிறோம் என்று அதற்கு எப்படித் தெரியும். லீவில் வந்த நம் ஊர்ப் பையன் அசோக் ஞாயிற்றுக்கிழமை அங்கே திரும்புகிறான், அவனிடம் உனக்கு மிளகாய்த்தூளும் சத்துமாவும் கொடுத்து அனுப்புகிறேன், அதோடு இந்தக் கடிதமும் வரும். போனிலேயே சொல்லலாமே என்று கேட்பாய். போனில் நான் மில் என்று வாயைத் திறந்தாலே நீ விட்டுத்தொலைம்மா, அந்த மெஷினக் குடுத்துட்டு வூட்டுல உட்காரு, நான் பார்த்துக்கறேன் என்று ஆரம்பித்துவிடுகிறாய். கடிதத்தில் நீ குறுக்கே பேச முடியாது பார், அதனால்தான் கடிதம்.

முதலில் ஒன்றை ஒப்புக்கொண்டு விடுகிறேன். எல்லாம் நல்லபடி நடக்கிறது, லைசென்ஸ் இதோ வந்துவிடும் என்று உன்னிடம் சொல்லிக்கொண்டிருந்தது பொய். ஆவணி மாதமே பேரூராட்சியில் இல்லை என்று எழுதிக் கொடுத்துவிட்டார்கள். கீழப்பழுவூர் மில்லில் பதினாலு வருஷம் நான் வேலை பார்த்ததும், முதலாளி செந்தில்குமார் அண்ணன் மில்லை மூடிவிட்டு மகனோடு திருச்சிக்குப் போகும்போது மெஷினை எனக்கே கொடுத்ததும் உனக்குத் தெரியும். கொடுக்கும்போது அவர் ஒரு கெடு வைத்தார், அதை உனக்குச் சொல்லவில்லை. கார்த்திகை முடிவதற்குள் மெஷின் ஓடவேண்டும், இல்லாவிட்டால் திருமானூரில் ஒருத்தர் கேட்டுக்கொண்டே இருக்கிறார், அவருக்குத் தள்ளிவிடுவேன், அது சும்மா கெடந்து துருப்பிடிச்சா என்னால பார்க்க முடியாது தங்கச்சி என்றார். அவரைக் குற்றம் சொல்ல முடியாது, அது அவர் அப்பா வாங்கின மெஷின். ஆனால் என் கதையையும் யோசித்துப் பார். பதினாலு வருஷம் அடுத்தவர் மில்லில் தலையெல்லாம் மாவோடு நின்றவள் நான், இரண்டு விரலில் தேய்த்துப் பார்த்தே இது புட்டுக்கு, இது இடியாப்பத்துக்கு என்று சொல்லுவேன். வீட்டுப் பக்கத்து ஷெட்டில் சொந்தமாக ஒரு மில், வாசலில் கலைமணி மாவு மில் என்று ஒரு போர்டு, இதைத் தவிர எனக்கு வேறு ஆசை எதுவும் இல்லை, உன் கல்யாணத்தைத் தவிர. அதைப் பிறகு பேசிக்கொள்ளலாம்.

வந்த ஆர்டரில் என்ன இருந்தது தெரியுமா, மேற்படி இடத்தில் மாவு மில் அமைக்கத் தெருவாசிகள் இருபத்துமூன்று பேர் கையொப்பமிட்டு ஆட்சேபணை தெரிவித்துள்ளதால் விண்ணப்பம் நிராகரிக்கப்படுகிறது என்று இருந்தது. நம் தெருவில் மொத்தமே இருபத்தாறு வீடு. யாருக்குப் பிரசவம் என்றாலும் ஓடினவள், யார் வீட்டு விசேஷத்துக்கும் இடித்துச் சலித்துக் கொடுத்தவள், எனக்கு இருபத்துமூன்று பேர் எதிரியா. அன்றையிலிருந்து தெருவில் ஒருத்தரோடும் பேச்சை நிறுத்தினேன். குழாயடியில் முகத்தைத் திருப்பிக்கொண்டுதான் குடத்தை வைப்பேன். பிள்ளையார் சதுர்த்திக்கு யாரோ கொண்டுவந்து கொடுத்த கொழுக்கட்டையை வேண்டாம் என்று கதவைச் சாத்தினேன், உள்ளே வந்த பிறகு உன் அப்பா பூரணம் வாசனை வந்துச்சே என்று முணுமுணுத்தார், அவர்மேலும் எரிந்து விழுந்தேன். தெருவுக்கு ஒன்றும் விளங்கவில்லை. கலைமணிக்கு என்னாச்சு, பொண்ணு வெளிநாடு போனதும் தலைக்கனம் வந்துடுச்சா என்று பேசிக்கொண்டார்களாம். பேசட்டும் என்று இருந்தேன். இரண்டு மாதம் முழுசாக இப்படியே போனது, ஆட்சேபணையில் கையெழுத்துப் போட்ட மூஞ்சி எது, போடாத மூஞ்சி எது என்று ஒவ்வொருத்தரையும் உற்று உற்றுப் பார்த்தேன், எல்லா மூஞ்சியும் போட்ட மூஞ்சியாகத்தான் தெரிந்தது.

அந்த நேரத்தில் எனக்கு இருந்த ஒரே துணை வைத்திலிங்கம் மாமாதான். பத்திரம் பதிகிற ஆபீசுக்கு எதிரே ஜெராக்ஸ் கடையில் உட்கார்ந்து மனு எழுதுகிறாரே, நம் தெருக்கோடி வீடு, அவர்தான். ஆர்டரைக் காட்டினதும் கண்ணாடியைத் துடைத்துப் போட்டுக்கொண்டு இரண்டு தரம் படித்தார், விடக்கூடாதும்மா என்றார். முதலில் தகவல் அறியும் உரிமையில் அந்த ஆட்சேபணையின் நகலைக் கேட்கவேண்டும், அதற்குப் பிறகு மேலே மனுப் போடவேண்டும் என்று வழி சொன்னார். அவர் சொல்லச் சொல்ல நான் என் கையாலேயே எழுதினேன், பொம்பளை கையெழுத்துன்னா ஆபீசர் ஒரு வரி கூடப் படிப்பார் என்பது அவர் கணக்கு. மேற்படி ஆட்சேபணை முழுக்க முழுக்கப் பொறாமையாலும் உள்நோக்கத்தாலும் எழுதப்பட்டது என்று ஒரு வரி சொன்னார் பார், எனக்கு மயிர் கூச்செறிந்தது. அந்த வரியை இரண்டு இடத்தில் சேர்த்துக்கொண்டேன்.

ஐப்பசி பத்தாம் தேதி வாக்கில் நகல் தபாலில் வந்தது. உன் அப்பாவை உட்கார வைத்து, ஒவ்வொரு பேராகப் படிக்கிறேன், கேட்டுக்குங்க, இனி யார் வூட்டுக்கும் போகக்கூடாது என்று சொல்லிவிட்டுப் பிரித்தேன். முன்பக்கம் ஆட்சேபணை மனு, பின்னால் கையெழுத்துத் தாள். முதல் பேர், ம. கலைமணி. அதற்கு நேரே என் கையெழுத்து. மூன்றாவது பேர் மணிவேல், உன் அப்பா. நான் தாளைத் திருப்பிப் பார்த்தேன், வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன், என் கையெழுத்தேதான், அந்த லை எழுத்தில் பேனா மக்கர் பண்ணி இரண்டு தரம் இழுத்தது உட்பட. உன் அப்பா எட்டிப் பார்த்துவிட்டு, என் கையெழுத்து இதுல நல்லா வந்திருக்கு என்றார். கோபத்தில் எனக்குச் சிரிப்பு வந்ததா அழுகை வந்ததா என்று இன்னும் தெரியவில்லை. அப்புறம்தான் முன்பக்கத்து எழுத்தைக் கவனித்தேன். வால் நீட்டி நீட்டி எழுதின அந்த எழுத்து வைத்திலிங்கம் மாமாவுடையது.

உனக்கு ஞாபகம் இருக்கும், நம் தெருவில் எந்த மனு என்றாலும் முதலில் வெள்ளைத்தாளில் கையெழுத்து வாங்கிவிடுவோம், விஷயத்தைப் பிறகு நிதானமாக எழுதி முன்னால் குத்திக்கொள்வோம். விஷயத்தை எழுதிக்கொண்டு போனால் ஆளுக்கு ஒரு திருத்தம் சொல்லி அந்த மனு ஆபீஸ் போய்ச் சேராது. ஆடி மாதம் மினிபஸ் நம் தெருமுனையில் நிற்கவேண்டும் என்று ஒரு மனுவுக்கு நான்தான் வீடுவீடாகப் போய் இருபத்துமூன்று கையெழுத்து வாங்கினேன், நான் கேட்கிறவள் ஆயிற்றே என்று முதலில் என் கையெழுத்தைப் போட்டேன். தாளை வைத்திலிங்கம் மாமாவிடம் கொடுத்தேன். அதற்குள் டிரைவரே மனசு வந்து பஸ்ஸை நிறுத்த ஆரம்பித்துவிட்டார், மனு தேவைப்படவில்லை, தாள் அவர் பைலிலேயே கிடந்தது. அப்புறம் பக்கத்து வீட்டு வேம்பு அத்தை போய், மில்லு ஓடுனா சினைமாடு மிரளும், ஒரு ஆட்சேபணை எழுதிக்குடுங்க என்று கேட்டிருக்கிறாள். மாமா எழுதினார், ஒரு ஆள் மனுவுக்கு மரியாதை இருக்காது என்று அந்தத் தாளை எடுத்துப் பின்னால் குத்திவிட்டார். நான் போய் நியாயம் கேட்டேன். அதே தெரு, அதே ஜனம், கையெழுத்தெல்லாம் சுத்தமா இருக்கு, நல்ல தாளை வீணாக்கச் சொல்றியா என்கிறார். என் மில்லுக்கு எதிரா எழுதிட்டு எனக்கும் நீங்களே எழுதிக்குடுத்தீங்களே, ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா என்று கேட்டேன். ஒருத்தர் மனுவுல உள்ளதை இன்னொருத்தர்கிட்ட சொல்றது தொழிலுக்குத் துரோகம், ரெண்டு பேருக்கும் நான் வஞ்சகமில்லாமத்தானே எழுதியிருக்கேன் என்றார். யோசித்துப் பார்த்தால் அதுவும் உண்மைதான், வேம்புவின் மனு இன்னும் நன்றாகவே இருந்தது.

அதற்குப் பிறகு நான் பட்ட பாடு இருக்கிறதே, அது மில் ஆர்டரைவிடப் பெரிய பாடு. இரண்டு மாதம் முகத்தைத் திருப்பினதற்கு வீடுவீடாக மன்னிப்புக் கேட்கவேண்டும் இல்லையா. ஒரு தூக்கில் அதிரசம் போட்டுக்கொண்டு கிளம்பினேன். சில பேர் என்ன ஏது என்று கேட்காமல் வாங்கிக்கொண்டார்கள். கொழுக்கட்டை கொண்டுவந்தவள் மட்டும் கதவை அரைவாசி திறந்து அதிரசத்தைப் பார்த்துவிட்டு, எங்க வூட்டுலயும் வேண்டாம் என்று சாத்தினாள். நியாயந்தானே, மறுநாள் மறுபடி போனேன், வாங்கிக்கொண்டாள். வேம்புவிடம் மட்டும் கடைசியாகப் போனேன். எதுக்கு என்கிட்ட நேரா சொல்லல என்று கேட்டதற்கு, உன் முகத்தைப் பார்த்து எப்படிக்கா சொல்றது, நீ அந்த மெஷினை தார்ப்பாய் போட்டு மூடி தினமும் தொட்டுத் தொட்டுப் பார்க்கிற என்று சொல்லி அவளும் அழுதாள். இருபத்துமூன்று கையெழுத்து எப்படிச் சேர்ந்தது என்று அவளுக்கே தெரியாது, தெரு முழுக்க மாட்டுக்காகப் பேசுதுன்னு நினைச்சேன் என்றாள்.

சரி, தப்பு தெரிந்துவிட்டதே, பேரூராட்சிக்குப் போய்ச் சொன்னால் தீர்ந்தது என்று நினைத்தேன். அங்கே இருந்த கிளார்க், நிராகரிச்சது நிராகரிச்சதுதாம்மா, மேலதான் போகணும் என்றார். அதனால் அரியலூர் கலெக்டர் ஆபீசில் திங்கட்கிழமை மனு நாளுக்குப் போய் வரிசையில் நின்று கொடுத்தேன், இந்தத் தடவை வைத்திலிங்கம் மாமா சொல்லாமல் நானே எழுதினது. அவரிடம் காட்டினேன், பொருள் என்ற இடத்தில் அழக்கூடாது என்று மட்டும் திருத்தினார். இரு தரப்பையும் மறுபடி விசாரிக்கவும் என்று அங்கிருந்து உத்தரவு வந்தது. உடனே பேரூராட்சியில் முறைப்படி இருபத்துமூன்று ஆட்சேபணைதாரருக்கும் ஒரு மனுதாரருக்கும் நோட்டீஸ் அனுப்பினார்கள். நம் வீட்டுக்கு மட்டும் மூன்று வந்தது. ஆட்சேபணை செய்த கலைமணிக்கு ஒன்று, மனுதாரர் கலைமணிக்கு ஒன்று, உன் அப்பாவுக்கு ஒன்று. அவருக்குப் பேர் போட்டு அரசாங்கத்திலிருந்து இதுவரை கரண்ட் பில்லைத் தவிர வேறு வந்ததில்லை, நோட்டீசைச் சாமி படத்துக்குப் பின்னால் வைத்துவிட்டார்.

விசாரணை கார்த்திகை எட்டாம் தேதி, திங்கட்கிழமை. தெருவே மினிபஸ்ஸில் ஏறிப் போனோம், அந்தக் கையெழுத்து வாங்கினது இந்த பஸ்ஸுக்குத்தான் என்பது பாதி வழியில்தான் எனக்கு உறைத்தது. புதிதாக வந்திருக்கிற ஈ.ஓ., அதுதான் பேரூராட்சிச் செயல் அலுவலர், ஒரு பெண், உன் வயசுதான் இருக்கும், தேனிப் பக்கமாம், முடியை உன்னை மாதிரியே இழுத்துக் கட்டியிருந்தாள். ஆட்சேபணைதாரர் எல்லாம் இந்தப் பக்கம் நில்லுங்க, மனுதாரர் அந்தப் பக்கம் நில்லுங்க என்றதும் எனக்கு எங்கே நிற்பது என்று தெரியவில்லை, நடுவில் நின்றேன். நீங்க யாரும்மா என்று கேட்டார், ரெண்டும் நான்தாங்க என்றேன். பேனாவை வைத்துவிட்டார். நான் நடந்ததை எல்லாம் சொன்னேன், வைத்திலிங்கம் மாமா எழுந்து தாளை வீணாக்கக்கூடாது என்ற தன் கொள்கையை விளக்கினார், அவரை உட்காரச் சொன்னார்கள். கையெழுத்து உங்களுதுதானே, அதனால ஒவ்வொருத்தரா ஆட்சேபணை இருக்கா இல்லையான்னு கேட்டுத்தான் எழுத முடியும் என்றார் ஈ.ஓ. ஒவ்வொருத்தராக வந்து இல்லைங்க, இல்லைங்க என்று சொல்லிக்கொண்டே வந்தார்கள். உன் அப்பா முறை வந்தது. ஆபீசர் என்ன கேட்டாலும் ஆமாங்க என்பதுதான் அவருக்குத் தெரிந்த ஒரே பதில். ஆட்சேபணை இருக்கா என்றதும் ஆமாங்க என்றார். நான் காலை மிதித்தேன். என்ன ஆட்சேபணை என்று கேட்டார், அதற்கும் ஆமாங்க என்றார். கிளார்க் சிரிப்பை அடக்க மேஜைக்கடியில் எதையோ தேடினார். அப்ப ஆட்சேபணை இல்லைதானே என்று ஈ.ஓ. மாற்றிக் கேட்டார், அதற்கும் ஆமாங்க என்றார், அதை எழுதிக்கொண்டார். வேம்பு மட்டும் மாட்டைச் சொன்னாள், மோட்டாரை மேற்குச் சுவரோரமாக மாற்றி அடியில் ரப்பர் போட்டுத் தருகிறேன் என்று நான் சொன்னதும், அப்படின்னா மாடு சம்மதிக்கும் என்றாள். அதையும் எழுதிக்கொண்டார்கள்.

கடைசியில் என்னைக் கூப்பிட்டார். முதல் கையெழுத்து உங்களுது, உங்க மில்லுக்கு உங்களுக்கு ஆட்சேபணை இருக்காம்மா என்று கேட்டார், கேட்கும்போது அவருக்கே சிரிப்பு. இல்லைங்க என்று ஒரு வார்த்தை சொல்லிவிட்டு வந்திருக்கலாம். ஆனால் பாப்பா, மூன்று வாரமாக மன்னிப்புக் கேட்டுக் கேட்டு என் வாயில் உண்மையைத் தவிர வேறெதுவும் வராமல் போயிருந்தது. ஒண்ணு இருக்குங்க என்றேன். உன் அப்பா தலையில் கை வைத்துக்கொண்டார். நான் சொன்னேன், என் மகள் அயர்லாந்துல நர்சா இருக்கா, நைட் டூட்டி முடிஞ்சு பஸ்ஸுக்கு நிக்கிறப்ப என்னைக் கூப்பிடுவா, நமக்கு அப்ப மத்தியானம், மெஷின் ஓடுனா அவ குரல் எனக்குக் கேக்காது, மில்லு வேணும்னு இத்தனை நாள் அலைஞ்சேன், ஆனா அதை நெனைச்சாத்தான் எனக்கே ஆட்சேபணையா இருக்கு என்றேன். ஈ.ஓ. பேனாவை எடுத்துக்கொண்டார். எத்தனை மணிக்குக் கூப்பிடுவாங்க என்று கேட்டார். இப்ப ரெண்டு மணி, அவங்க ஊர்ல கடிகாரத்தை மாத்தி வைப்பாங்க, வெயில் காலத்துல ஒரு மணி என்றேன். சரி, ஒண்ணுலேருந்து மூணு என்று அவரே எழுதினார். எழுதிக்கொண்டிருக்கும்போது மேஜையில் இருந்த அவர் போன் இரண்டாவது தடவையாக அதிர்ந்தது, கையெழுத்துப் போட்டுவிட்டு அதை எடுத்துக்கொண்டு வராண்டாவுக்குப் போனார். சாப்பிட்டேம்மா, நீ சாப்ட்டியா என்று கேட்பது உள்ளே எங்களுக்கெல்லாம் கேட்டது.

வியாழக்கிழமை லைசென்ஸ் கையில் வந்தது, வெள்ளிக்கிழமை காலையில் சூடம் காட்டி மெஷினை ஓட்டிவிட்டேன், கெடுவுக்கு இன்னும் பதினேழு நாள் இருந்தது. செந்தில்குமார் அண்ணன் திருச்சியிலிருந்து போனில் அந்தச் சத்தத்தைக் கேட்டார், போனை இன்னும் கிட்டக் கொண்டு போ தங்கச்சி என்றார். வேம்புவின் மாடு திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. அசோக்கிடம் வருகிற மிளகாய்த்தூள் நம் மில்லில் முதலில் அரைத்தது, காரம் கூடுதல், அரை ஸ்பூனுக்கு மேல் போடாதே. சத்துமாவைப் பாலில் கரைத்துக் குடி, நைட் டூட்டிக்குப் போகும்போது வெறும் டீயோடு போகாதே.

நீ ஞாயிற்றுக்கிழமை கூப்பிட்டபோது பின்னால் ஏன் இத்தனை பேர் பேசுறாங்க என்று கேட்டாயே, அவர்கள் மாவு அரைக்க வந்து வரிசையில் நின்றவர்கள்தான். கடிதத்தில் சொல்லலாம் என்று அன்றைக்கு வாயை மூடிக்கொண்டேன். அதற்கப்புறம் திங்கள் முதல் நேற்று வரை நாலு நாள் நீ கூப்பிடவில்லை, பிஸிம்மா என்று மெசேஜ் மட்டும் வந்தது. நான் தினமும் ஒரு மணிக்கு மோட்டாரை நிறுத்திவிட்டு, போனை மடியில் வைத்துக்கொண்டு மூன்று மணி வரை உட்கார்ந்திருந்தேன். அரிசியும் மிளகாயும் கொண்டு வந்தவர்களும் கூடவே உட்கார்ந்திருந்தார்கள், ஆர்டர் அப்படி. நேற்று மூன்று அடித்ததும் வேம்பு, என்னக்கா பொண்ணு கூப்பிடலையா என்று கேட்டாள். களைச்சுப் போய் தூங்கியிருப்பா என்று சொல்லிவிட்டு சுவிட்சைப் போட்டேன். எனக்குக் கோபம் இல்லை பாப்பா, உன் வேலை எனக்குத் தெரியும். ஆனால் நாலு பேர் மத்தியில் நீ கூப்பிடாமல் இருந்தது எனக்கு என்னமோ போல் இருந்தது, அதை மறைக்க மாட்டேன்.

உனக்கு எந்தக் குறையும் வராமல், கை வைத்த நோயாளி எல்லாம் எழுந்து நடக்க, நீ நீடூழி நன்றாக இருக்கவேண்டும் என்று அப்பாவும் நானும் ஆசீர்வதிக்கிறோம். லைசென்ஸின் ஜெராக்ஸ் இதோடு இருக்கிறது, நாலாவது நிபந்தனையைப் படி, பிற்பகல் ஒன்று முதல் மூன்று வரை மோட்டார் இயக்கக் கூடாது என்று சீல் வைத்துக் கொடுத்திருக்கிறார்கள். அது உன்னுடைய நேரம். ஒரு நிமிஷம் பேசினாலும் போதும், மறக்காமல் கூப்பிடு.

இப்படிக்கு,
மனுதாரரும் ஆட்சேபணைதாரருமான
உன் அம்மா
ம. கலைமணி